முதலில் தண்டனை, அப்புறம் சிலை: பிரெஞ்சு வரலாற்றின் சில மனிதர்கள்

கேள்வி இதுதான்: "பிரெஞ்சு வரலாறு என்றால் எனக்கு நெப்போலியன் மட்டும்தான் தெரியும். வேறு யாரையெல்லாம் கட்டாயம் தெரிந்துகொள்ள வேண்டும்? அவர்கள் எதற்காகப் பேசப்படுகிறார்கள்?"

நெப்போலியனிலிருந்தே தொடங்கிச் சீக்கிரம் முடித்துவிடுகிறேன். போர்களுக்காகத்தான் அவரை நினைவில் வைத்திருக்கிறோம். ஆனால் வென்ற நிலமெல்லாம் 1815-க்குள் கைவிட்டுப் போயிற்று. மிஞ்சியது 1804-ல் அவர் கொண்டுவந்த சிவில் சட்டம். மாகாணத்துக்கு ஒரு வழக்கம் என்று கிடந்த நாட்டுக்கு ஒரே சட்டத்தைக் கொடுத்தது அது. மனைவி கணவனுக்குக் கீழ்ப்படிய வேண்டும் என்று எழுதிவைத்ததும் அதே சட்டம்தான். அவருக்கு முன்னால் பதினான்காம் லூயி. 1643 முதல் 1715 வரை, 72 ஆண்டுகள் அரியணையில் இருந்தவர். வெர்சாய் அரண்மனை அவர் பெயரைச் சொல்கிறது. புரோட்டஸ்டன்டுகளுக்கு இருந்த வழிபாட்டு உரிமையை 1685-ல் பறித்து, ஏராளமான குடும்பங்களை நாட்டை விட்டே ஓட வைத்தவரும் அவர்தான்.

இந்த இருவரைப் பற்றி எந்தப் பாடப்புத்தகத்திலும் கிடைக்கும். நான் சொல்ல நினைப்பது வேறு. பல வருடமாகப் பிரெஞ்சு வரலாறு படித்துவருவதில் ஒரு விஷயம் திரும்பத் திரும்பக் கண்ணில் படுகிறது. இன்று அந்த நாடு தலையில் வைத்துக் கொண்டாடுகிறவர்களில் பலரை, அவர்கள் வாழ்ந்த காலத்தில் அதுவே எரித்திருக்கிறது, தலையை வெட்டியிருக்கிறது, இல்லையென்றால் வாசலோடு திருப்பி அனுப்பியிருக்கிறது. பிறகு தன் தீர்ப்பைத் தானே திருத்தி எழுதியிருக்கிறது. அதனால் "எதற்காகப் பேசப்படுகிறார்" என்று கேட்டால் ஒவ்வொருவருக்கும் இரண்டு பதில் சொல்ல வேண்டும்: அன்றைக்கு ஒன்று, இன்றைக்கு ஒன்று.

ஜோன் ஆஃப் ஆர்க்கை எடுத்துக்கொள்ளுங்கள். தொம்ரெமி என்ற கிராமத்து விவசாயியின் மகள். நூறாண்டுப் போரில் பாரிஸ் உட்பட வட பிரான்சின் பெரும்பகுதி ஆங்கிலேயர் பக்கம் போயிருந்தது. ஓர்லியான் நகரம் பல மாதமாக முற்றுகையில் கிடந்தது. தெய்வக் குரல்கள் தன்னை அனுப்பியதாகச் சொல்லிக்கொண்டு இந்தப் பெண் வந்து சேர்ந்தபோது வயது ஏறக்குறைய 17. வந்த சில நாட்களில், 1429 மே 8-ல், முற்றுகை உடைந்தது. ஜூலை 17-ல் ரெய்ம்ஸ் தேவாலயத்தில் ஏழாம் சார்ல்சுக்கு முடிசூட்டு விழா. மறுவருடம் மே மாதம் கொம்பியேன் ஊருக்கு வெளியே பர்கண்டிப் படையிடம் பிடிபட்டாள். அவர்கள் அவளைப் பத்தாயிரம் லிவ்ருக்கு (அன்றைய பிரெஞ்சுப் பணம்) ஆங்கிலேயரிடம் விற்றார்கள். அவளால் மகுடம் சூடிய ராஜா மீட்புத் தொகை என்று ஒரு காசு அனுப்பவில்லை.

வீரத்தைவிட ரூவான் நகரில் நடந்த விசாரணைதான் என்னை அதிகம் தொடுகிறது. எதிரே பிஷப் கோஷோன், பல்கலைக்கழகத்து இறையியல் பண்டிதர்கள், வரிசை வரிசையாக. இந்தப் பக்கம் எழுதப் படிக்கத் தெரியாத ஒரு பெண். அவளுக்கு வக்கீல் கிடையாது. ஒருநாள் கேட்கிறார்கள்: "நீ கடவுளின் அருளில் இருக்கிறாயா?" இது கண்ணி. தனக்கு அருள் உண்டு என்று எந்த மனிதரும் உறுதியாகச் சொல்லக்கூடாது என்பது திருச்சபைப் போதனை. ஆம் என்றால் மதத்துரோகம், இல்லை என்றால் குற்றத்தை ஒப்புக்கொண்டதாகிவிடும். அவள் சொன்ன பதில்: "நான் அருளில் இல்லையென்றால் கடவுள் என்னை அதில் சேர்க்கட்டும், இருந்தால் அதிலேயே வைத்திருக்கட்டும்." கேட்டவர்கள் திகைத்துப் போனார்கள் என்று அங்கே குறிப்பெடுத்த எழுத்தர் ஒருவர் பின்னாளில் சாட்சி சொன்னார்.

பதில் எவ்வளவு சுத்தமாக இருந்து என்ன? இனி அணிவதில்லை என்று ஒப்புக்கொண்ட ஆண் உடையை மறுபடி அணிந்தாள் என்பதைக் காரணம் காட்டி 1431 மே 30-ல் சந்தையில் கம்பத்தில் கட்டி எரித்தார்கள். ஏறக்குறைய 25 ஆண்டு கழித்து அவளுடைய அம்மா இசபெல் ரோமே பாரிஸ் நோத்ர தாம் தேவாலயத்தில் வந்து நின்று மகளுக்கு நீதி கேட்டார். மறுவிசாரணை நடந்து, 1456-ல் பழைய தீர்ப்பு செல்லாது என்று அறிவிக்கப்பட்டது. 1920-ல் அதே திருச்சபை அவளைப் புனிதர் ஆக்கியது. ஜோனைப் பற்றி எழுதுகிறவர்கள் அந்த அம்மாவை ஒரு வரியில் கடந்துவிடுகிறார்கள். அந்த வழக்கு திரும்ப எடுக்கப்பட்டதில் அவருக்கு இருக்கும் பங்கை நாம் மறக்கக்கூடாது.

தீர்ப்பைத் திருத்த வைப்பதையே தன் வேலையாக எடுத்துக்கொண்டவர் எழுத்தாளர் வால்டேர். அவரைப் பற்றி முதலில் ஒன்றைச் சரிசெய்துவிடுகிறேன். "நீ சொல்வதை நான் ஏற்கவில்லை, ஆனால் அதைச் சொல்லும் உன் உரிமைக்காக உயிரையும் கொடுப்பேன்" என்ற வாசகத்தை அவர் பெயரில் போடுகிறார்கள். அது அவர் சொன்னதில்லை. அவருடைய மனப்பாங்கை விளக்க 1906-ல் ஒரு ஆங்கிலேயப் பெண்மணி எழுதிய வரி அது. வால்டேர் உண்மையில் செய்தது இதைவிடப் பெரியது. துலூஸ் நகரில் ழான் காலா என்ற புரோட்டஸ்டன்ட் துணி வியாபாரி இருந்தார். 1761-ல் அவருடைய மூத்த மகன் வீட்டிலேயே இறந்துகிடந்தான். கத்தோலிக்கனாக மாறப் பார்த்த மகனை அப்பாவே கொன்றுவிட்டார் என்று ஊர் வதந்தி கட்டிவிட்டது. 1762 மார்ச் 10-ல் காலாவைச் சக்கரத்தில் கட்டி எலும்பெலும்பாக முறித்துக் கொன்றார்கள். கடைசி மூச்சு வரை அவர் தான் செய்யவில்லை என்றே சொன்னார்.

அப்போது வால்டேருக்கு 67 வயது. சுவிஸ் எல்லையோரம் வசதியாக வாழ்ந்துகொண்டிருந்தார். காலா குடும்பத்தோடு எந்த உறவும் கிடையாது. ஆனாலும் மூன்று வருடம் மந்திரிகளுக்கு, பிரபுக்களுக்கு, அயல்நாட்டு அரசர்களுக்கு என்று கடிதம் எழுதித் தள்ளினார். காலாவின் மனைவியைப் பாரிசுக்கு வரச் செய்தார், வழக்கறிஞர்களைப் பிடித்தார். 1765 மார்ச் 9-ல் காலா குற்றமற்றவர் என்று தீர்ப்பு வந்தது. ஒரு எழுத்தாளர் பேனாவை மட்டும் வைத்துக்கொண்டு ஒரு நீதிமன்றத் தீர்ப்பைக் கவிழ்க்க முடியும் என்று பிரான்ஸ் அன்று கற்றுக்கொண்டது. 1898 ஜனவரியில் எமில் ஸோலா, செய்யாத உளவுக் குற்றத்துக்காகத் தீவுச் சிறையில் வாடிய யூத ராணுவ அதிகாரி திரைஃபுஸுக்காகப் பத்திரிகையின் முதல் பக்கத்தில் குடியரசுத் தலைவருக்குத் திறந்த கடிதம் எழுதினாரே, அது இந்த வழியில் வந்ததுதான். திரைஃபுஸ் குற்றமற்றவர் என்ற இறுதித் தீர்ப்பு 1906-ல்தான் வந்தது. ஸோலா அதற்கு நான்கு வருடம் முன்பே இறந்துவிட்டார்.

அடுத்து லவாய்சியர். வேதியியல் படித்த எல்லோருக்கும் தெரிந்த பெயர். ஆக்சிஜனைக் கண்டுபிடித்தவர் என்று சிலர் சொல்வார்கள். அந்த வாயுவை அவருக்கு முன்பே ஸ்வீடனில் ஷீலேயும் இங்கிலாந்தில் பிரீஸ்ட்லியும் பிரித்தெடுத்திருந்தார்கள். அது என்ன, எரிவதில் அதன் வேலை என்ன என்று புரிந்துகொண்டு பெயர் வைத்தவர் லவாய்சியர். அவருடைய ஆயுதம் தராசு. தகரத்தைக் குடுவைக்குள் வைத்து, வாயை முழுக்க மூடிச் சூடாக்கினார். தகரத்தின் மேல் சாம்பல் போலப் படிந்தது. அப்படியே நிறுத்துப் பார்த்தால் எடை கொஞ்சமும் மாறவில்லை. குடுவையைத் திறந்தார், காற்று சீறிக்கொண்டு உள்ளே போனது, எடை கூடியது. அப்படியென்றால் தகரம் எடுத்துக்கொண்டது உள்ளே இருந்த காற்றைத்தான். இவ்வளவு எளிய சோதனை. எரியும் பொருளிலிருந்து ஏதோ ஒன்று வெளியேறுகிறது என்று பல பத்தாண்டுகளாக நம்பியிருந்த கொள்கைக்கு இந்த மாதிரிச் சோதனைகள்தான் முடிவு கட்டின.

பக்கத்தில் அவருடைய மனைவி மரி-ஆன் இருந்தார். கல்யாணத்தின்போது அவருக்கு 13 வயது. அப்புறம் ஆங்கிலம் கற்று, எதிர்த்தரப்பு வேதியியலாளரின் நூலைக் கணவருக்காக மொழிபெயர்த்தார். ஓவியம் கற்று, 1789-ல் வந்த லவாய்சியரின் வேதியியல் பாடநூலுக்கு 13 படத் தகடுகளை வரைந்தார். கருவிகளை அளவு பிசகாமல் வரைந்ததால் மற்றவர்கள் அதைப் பார்த்துச் சோதனையைத் திரும்பச் செய்ய முடிந்தது. அவரை உதவியாளர் என்று மட்டும் சொல்வது எனக்கு ஒப்பவில்லை.

ஆய்வுக்கூடச் செலவுக்குப் பணம் வந்தது வரிக்குத்தகையிலிருந்து. அரசுக்கு முன்பணம் கட்டிவிட்டு மக்களிடம் வரி வசூலிக்கும் தனியார் கூட்டத்தில் லவாய்சியரும் ஒரு பங்குதாரர். ஜனங்கள் அந்தக் கூட்டத்தை அடியோடு வெறுத்தார்கள். அந்த வெறுப்பில் நியாயமும் இருந்தது. பிரெஞ்சுப் புரட்சி வந்தபின், 1794 மே 8-ல் 28 வரிக்குத்தகையாளர்களைத் தலை வெட்டும் கருவியான கில்லட்டினுக்கு அனுப்பினார்கள். லவாய்சியரும் மரி-ஆனின் அப்பாவும் ஒரே நாளில் போனார்கள். "குடியரசுக்கு விஞ்ஞானிகள் தேவையில்லை" என்று நீதிபதி சொன்னதாக ஒரு கதை உண்டு. அதற்கு ஆதாரம் இல்லை, பின்னால் கட்டிய கதை. கணித மேதை லக்ராஞ்ச் சொன்னதாக வந்திருப்பதுதான் நிற்கிறது: அந்தத் தலையை வெட்ட ஒரு கணம் போதுமாயிருந்தது, அதைப் போல் இன்னொன்று வர நூறு ஆண்டும் போதாமல் போகலாம். ஒன்றரை வருடத்தில் அரசே தண்டனை தவறு என்று ஒப்புக்கொண்டு, பறித்த பொருட்களை மனைவியிடம் திருப்பிக் கொடுத்தது.

அதே கில்லட்டின் காலத்தில் போன இன்னொருவர் ஒலிம்ப் தெ கூஷ். தென்பிரான்சின் மொந்தோபான் ஊரிலிருந்து பாரிசுக்கு வந்து நாடகம் எழுதியவர். அடிமை முறையைக் கண்டித்து மேடையேற்றியவர். 1789-ல் புரட்சி மனித உரிமைப் பிரகடனத்தை வெளியிட்டது. அதில் மனிதன் என்றால் ஆண் மட்டும்தான் என்று நடைமுறையில் தெரிந்தபோது, 1791-ல் அதே வடிவில், அதே 17 பிரிவுகளோடு, பெண் உரிமைப் பிரகடனம் ஒன்றை எழுதினார். பத்தாவது பிரிவு: பெண்ணுக்குத் தூக்குமேடை ஏற உரிமை இருக்கும்போது பேச்சுமேடை ஏறவும் உரிமை இருக்க வேண்டும். 1793 நவம்பர் 3-ல் முதல் உரிமையை அவருக்குக் கொடுத்தார்கள். பிரெஞ்சுப் பெண்கள் முதன்முதலாக ஓட்டுப் போட்டது 1945-ல்.

இப்போது, இந்தப் பட்டியலில் எனக்கு மிகவும் நெருக்கமானவர். லூயி பிரெய்ல், பிறப்பு 1809, பாரிசுக்குக் கிழக்கே 40 கிலோமீட்டரில் கூப்வ்ரே கிராமம். அப்பா குதிரைச் சேணம் தைக்கும் தொழிலாளி. மூன்று வயதுக் குழந்தை பட்டறையில் தோல் குத்தும் ஊசியை எடுத்து விளையாடும்போது அது கண்ணில் பாய்ந்துவிட்டது. சீழ் பிடித்து மற்றக் கண்ணுக்கும் பரவியது. ஐந்து வயதில் முழு இருட்டு. பத்து வயதில் பாரிசில் இருந்த பார்வையற்றோர் பள்ளியில் சேர்த்தார்கள். அங்கே புத்தகம் உண்டு. நாம் எழுதும் அதே எழுத்தை ஈரத்தாளில் பெரிதாக அழுத்திப் புடைக்க வைத்த கனமான புத்தகங்கள். ஒவ்வொரு எழுத்தின் வளைவையும் விரலால் சுற்றித் தடவி, இன்னது என்று கண்டுபிடித்து அடுத்ததற்குப் போவதற்குள் வாக்கியத்தின் தொடக்கம் மறந்துவிடும். படிக்கலாம், எழுத முடியாது.

ஷார்ல் பார்பியே என்ற முன்னாள் ராணுவ அதிகாரி 12 புள்ளிகளால் ஒலிகளைக் குறிக்கும் ஒரு முறையைப் பள்ளிக்குக் கொண்டுவந்தார். நல்ல யோசனை, ஆனால் 12 புள்ளி ஒரு விரல் நுனிக்குள் அடங்காது. விரலை மேலும் கீழும் நகர்த்த வேண்டும். பிரெய்ல் அதைப் பாதியாக்கினார். இரண்டு வரிசை, வரிசைக்கு மூன்று, மொத்தம் ஆறு புள்ளி. ஒரே தொடுதலில் ஒரு எழுத்து. ஆறு புள்ளியில் 63 வடிவம் கிடைக்கும். எழுத்து, எண், நிறுத்தக்குறி, இசைக்குறி எல்லாவற்றுக்கும் அது போதும். இதை முடித்தபோது அவருக்கு வயது 15. புள்ளி குத்தப் பயன்படும் ஊசி, அவர் கண்ணைப் பறித்த ஊசியின் தம்பி மாதிரி இருக்கும். அதைக் கையில் வைத்துப் பார்த்தவர்களுக்கு நான் சொல்வது புரியும்.

பார்வை உள்ள ஆசிரியர்களுக்கு இந்தப் புள்ளிகள் படிக்க வரவில்லை, அதனால் பிடிக்கவும் இல்லை. 1840-களில் பள்ளி நிர்வாகமே இதற்குத் தடை போட்டது. மாணவர்கள் ஒளித்துவைத்து எழுதினார்கள், ஒருவருக்கொருவர் கற்றுக்கொடுத்தார்கள். பிரெய்ல் 1852-ல் காசநோயில், 43-வது பிறந்தநாளுக்கு இரண்டு நாள் கழித்து இறந்தார். இரண்டு வருடம் போனபின் அந்தப் பள்ளி அவருடைய எழுத்தை முறைப்படி ஏற்றுக்கொண்டது. சரியாக நூறாண்டு கழித்து, 1952-ல், பெருமக்களை அடக்கம் செய்யும் பாரிசின் பாந்தெயோன் மாளிகைக்கு அவர் உடலைக் கொண்டுபோனார்கள். கூப்வ்ரே ஊர்க்காரர்கள் கைகளை மட்டும் விட்டுக்கொடுக்கவில்லை. அந்த இரண்டு கைகளும் இன்றும் கிராமத்துக் கல்லறையிலேயே இருக்கின்றன.

இந்திய மொழிகளுக்கான பாரதி பிரெய்லும் இதே ஆறு புள்ளிதான். தமிழில் அ என்பது இடது வரிசையின் மேல் புள்ளி மட்டும். க என்றால் அதே வரிசையின் மேல் புள்ளியும் கீழ்ப் புள்ளியும். உங்கள் ஊரில் ஒரு குழந்தை இன்று விரலால் தமிழ் படிக்கிறது என்றால், அந்தப் பதினைந்து வயதுப் பையன் போட்ட கணக்கில்தான் படிக்கிறது.

எல்லோருக்கும் இப்படி நடந்தது என்று நினைத்துவிட வேண்டாம். லூயி பாஸ்டரை வாழும்போதே நாடு தெய்வமாக வைத்திருந்தது. 1885 ஜூலையில் வெறிநாய் கடித்த ஒன்பது வயதுப் பையன் ஜோசப் மைஸ்டருக்கு அவர் தடுப்பூசி போட வைத்தார், பையன் பிழைத்தான். நம்மூர்க் குன்னூரில் 1907-ல் தொடங்கிய பாஸ்டர் நிலையம் அந்தப் பெயரைச் சுமப்பது இதனால்தான்.

மேரி கியூரியின் கதையோ மறுபடி பழைய வழிக்கே போகிறது. பிறந்தது வார்சாவில், வாழ்ந்து உழைத்தது பாரிசில். 1903-ல் இயற்பியல் நோபல் பரிசில் பங்கு. 1911 ஜனவரியில் பிரெஞ்சு அறிவியல் கழகத்துக்கு அவர் பெயர் போனது. பெண், அயல்நாட்டுக்காரி என்று பத்திரிகைகள் கிளப்பிய புழுதியில் மிகச் சில ஓட்டில் தோற்றார். அதே வருடக் கடைசியில் ஸ்வீடன் வேதியியலுக்காக இரண்டாவது நோபல் பரிசைக் கொடுத்தது. முதல் உலகப்போரில் அவர் எக்ஸ்ரே கருவியை வண்டியில் ஏற்றிப் போர்முனைக்குக் கொண்டுபோனதைப் பலர் சொல்வதே இல்லை. குண்டு உடம்பில் எங்கே இருக்கிறது என்று தெரிந்து அறுவை செய்ய அது உதவியது. அந்தக் கழகம் ஒரு பெண்ணை முழு உறுப்பினராகச் சேர்த்தது 1979-ல். கியூரி பாந்தெயோனுக்குப் போனது 1995-ல். சொந்தச் சாதனைக்காக அங்கே இடம் பெற்ற முதல் பெண்.

கடைசியாகப் புதுச்சேரிக்கு வந்துவிடுகிறேன். புதுச்சேரி என்றதும் துய்ப்ளே என்பார்கள். 1742 முதல் 1754 வரை கவர்னர். இந்திய அரசர்களின் வாரிசுச் சண்டையில் புகுந்து பிரெஞ்சு ஆட்சியை விரிக்கப் பார்த்தவர். திருப்பி அழைக்கப்பட்டு, பிரெஞ்சு வணிகக் கம்பெனியிடம் தன் பணத்தைக் கேட்டுக் கேட்டே 1763-ல் ஏழையாக இறந்தார். பிறகு அவருக்கும் சிலை வைத்தார்கள். அவருடைய துபாஷ் (மொழிபெயர்ப்பாளரும் இடையாளருமானவர்) ஆனந்தரங்கப் பிள்ளையின் தமிழ் நாட்குறிப்பில் 1748-ல் வேதபுரீஸ்வரர் கோயில் இடிக்கப்பட்டதைப் படித்துவிட்டு அந்தச் சிலையைப் பார்த்தால், எனக்குக் கைகூப்பத் தோன்றுவதில்லை.

அதே ஊருக்கு வந்த லெ ஜான்டி என்ற வானியலாளரைத்தான் நான் அதிகம் நினைக்கிறேன். சூரியனுக்குக் குறுக்கே வெள்ளிக் கிரகம் கடந்துபோவதை அளந்தால் பூமிக்கும் சூரியனுக்கும் உள்ள தூரத்தைக் கணிக்கலாம். அந்தக் காட்சி எட்டு வருட இடைவெளியில் இரண்டு முறை வரும், அப்புறம் நூறு வருடத்துக்கு மேல் வராது. அதைப் பார்க்க 1760-ல் பிரான்சிலிருந்து கிளம்பினார். வழியில் ஆங்கிலேயர் புதுச்சேரியைப் பிடித்துவிட்டார்கள் என்ற செய்தி. கப்பல் திரும்பியது. 1761 ஜூன் 6-ல் வெள்ளி கடந்தபோது அவர் நடுக்கடலில். ஆடும் கப்பலில் அளவெடுக்க முடியாது. எட்டு வருடம் இந்தப் பக்கமே தங்கினார். 1768-ல் புதுச்சேரி மறுபடி பிரெஞ்சுக்காரர் கையில் இருந்தது. இடிந்த கோட்டை மேல் ஆய்வுக்கூடம் கட்டிக் காத்திருந்தார். 1769 ஜூன் 4 காலை, சரியாக அந்த நேரத்தில் மேகம் மூடியது. எல்லாம் முடிந்தபின் வெயில் அடித்தது. 1771-ல் ஊர் திரும்பினால், அவர் இறந்துவிட்டதாக முடிவுகட்டி அறிவியல் கழகத்தில் அவருடைய இடத்தை வேறொருவருக்குக் கொடுத்திருந்தார்கள். உறவினர் சொத்தைப் பங்கு போட்டுக்கொண்டிருந்தார்கள்.

வரலாற்றின் துரதிர்ஷ்டசாலி என்றுதான் அவரை எல்லோரும் எழுதுகிறார்கள். இதையும் ஒருநாள் திருத்த வேண்டும் என்பது என் ஆசை. ஏனென்றால் காத்திருந்த மாதங்களில் அவர் சும்மா இருக்கவில்லை. காகிதமும் பேனாவும் இல்லாமல், சோழிகளை நகர்த்தி, மனப்பாடமாக இருந்த வாக்கியங்களைக் கொண்டு கிரகணம் கணிக்கும் தமிழர்களைப் பார்த்து, அந்த முறையைக் கற்றுக்கொண்டு, பிரான்சில் எழுதி வெளியிட்டார். 1765 ஆகஸ்ட் 30 சந்திர கிரகணத்தின் கால அளவை வைத்து இரண்டு கணக்கையும் ஒப்பிட்டார். ஐரோப்பாவில் பேர்பெற்ற, மேயர் என்ற வானியலாளரின் அட்டவணை 68 விநாடி அதிகமாகச் சொல்லியிருந்தது. சோழிக் கணக்கு 41 விநாடிதான் குறைவு.